தேரை இறங்கும் ஆழம்

எங்கள் ஊரில் 'புதைத்தோம்' என்று சொல்லக் கூடாது. 'இறக்கினோம்' என்றுதான் சொல்ல வேண்டும். முதல் வருஷம் வந்த அதிகாரிகள் மைக்கைப் பிடித்ததும் முதலில் சொல்லிக்கொடுத்தது இதைத்தான். எனக்கு வாய் கொஞ்சம் நீளம், அது ஊரறிந்த சங்கதி. "குழி தோண்டி, ஆளைப் படுக்க வச்சு, மேல மண்ணைத் தள்ளுனா எங்க ஊர்ல அதுக்கு வேற பேருய்யா" என்றேன். கூட்டம் சிரித்தது. அதிகாரிகள் சிரிக்கவில்லை. என் வீட்டுக்காரர் உச்சிமாகாளி என் முழங்கையைப் பிடித்து இழுத்து உட்கார வைத்தார்.

சிரித்த அத்தனை பேரும் பிறகு பெயர் கொடுத்தார்கள். வேறு வழி? நாகலோடையில் கண்மாய் வற்றி, கிணறு வற்றி, போர்க்குழாயில் காற்று மட்டும் வந்துகொண்டிருந்தது. மாசியில் தொடங்குகிற வெயில் ஐப்பசி வரை ஆளைத் தின்றது. தண்ணீர் லாரி வரும், ஊரில் உள்ள வாய்களுக்குப் பத்தாது. வீட்டுக்கு ஒரு ஆள் கோடையைத் தூங்கிக் கழித்துவிட்டால் மற்றவர்கள் பிழைத்துக்கொள்ளலாம். இறங்கிய ஆளின் வீட்டுக்குத் தினமும் ஒரு குடம் தண்ணீர் கூடுதலாகக் கிடைக்கும். மழை விழுந்ததும் ஆள் எழுந்து வந்துவிடுவார். கோடைத்துயில் திட்டம் என்றால் இவ்வளவுதான்.

இதை மனுஷனுக்குக் கற்றுக்கொடுத்த வாத்தியார் தேரை.

கரிசல் காட்டுத் தேரையைப் பார்க்காதவர்கள் எங்கள் பக்கம் கிடையாது. முதல் மழை விழுந்த பொழுதில், எங்கிருந்து வந்தது என்றே தெரியாமல், புஞ்சை முழுக்க உப்பின உடம்போடு உட்கார்ந்திருக்கும். மழை ஓய்ந்து கொஞ்ச நாளில் காணாமல் போகும். எங்கே போகிறது என்று யோசிக்க எங்களுக்கு நேரம் ஏது? டாக்டர் பிரிசில்லா அதை யோசிப்பதையே படிப்பாகப் படித்தவர். தூத்துக்குடிக்காரர், என்னைவிட வயதில் இளையவர். ஆட்களை இறக்கிய புஞ்சைக்குத் துயில்காடு என்று பெயர் வைத்து, கம்பிவேலி போட்டு, ஓரத்தில் ஒரு தகரக் கொட்டகையில் தங்கியிருந்தார். காவலுக்கும் மண் வெட்டவும் என்னை வைத்துக்கொண்டார். நான் அவரை டாக்டரம்மா என்பேன், அவர் என்னை அக்கா என்பார்.

வந்த புதிதில் ஒரு தேரையைக் கண்ணாடித் தொட்டி மண்ணில் விட்டுக் காட்டினார்.

"பாருங்கக்கா, பின்னங்காலால தோண்டி, பின்பக்கமாவே உள்ள இறங்கும். மூஞ்சி மட்டும் கடைசி வரைக்கும் மேல பாத்துக்கிட்டே இருக்கும்."

"கோவிச்சுக்கிட்டுப் போறவ, யாராச்சும் கூப்பிட மாட்டாகளான்னு பாத்துக்கிட்டே போற மாதிரி" என்றேன்.

சிரித்தார். "உள்ள போனதும் தோலு ஒண்ணு மேல ஒண்ணா உரிஞ்சு, பை மாதிரி உடம்பைச் சுத்திக்கிடும். வயித்துல சேத்து வச்ச தண்ணிதான் மாசக்கணக்குக்கு. நெஞ்சு எப்பவாவது ஒருக்கா துடிக்கும். இதோட தோல்ல இருந்து எடுத்த மருந்தைத்தான் நம்ம ஆளுகளுக்கு ஊசியில போடுதோம். இறக்கும்போது ஆளைச் சுத்துற பையும் இதைப் பாத்துச் செஞ்சதுதான்."

"எழுப்புறது யாரு?"

"மழை. ஈரம் பட்டு முழிக்கிறதில்லக்கா. மழை தரையில அடிக்கிற அதிர்வு மண்ணுக்குள்ள இறங்குதில்ல, அதைக் கேட்டு முழிக்கும். மருந்து போன மனுஷனும் அப்படித்தான். ஆனா முழிச்ச உடனே தண்ணி வேணும். தேரை வாயால குடிக்காது, அடிவயித்தை ஈரத்துல வச்சு உறிஞ்சிக்கிடும். மனுஷனுக்கு நாமதான் ஏத்தணும். தண்ணி இல்லாம முழிச்சான்னா ஒரு பொழுது தாங்க மாட்டான்."

ஊரின் சத்தம் அடங்கியது அப்படித்தான். அதிர்வு என்றால் மழை மட்டுமா? மேளமும் அதிர்வுதான், உலக்கையும் அதிர்வுதான். உரலில் இடிப்பது நின்றது. மோட்டார் சைக்கிளை ஊர் எல்லையில் அணைத்து உருட்டிக்கொண்டு வந்தார்கள். கல்யாணம் மேளம் இல்லாமல் நடந்தது, கோயில் கொடை கொட்டு இல்லாமல் நடந்தது. தொட்டிலில் பிள்ளை தூங்குகிற வீடு மாதிரி ஊரே காலைத் தூக்கித் தூக்கி வைத்து நடந்தது.

பலன் இருந்தது, அதையும் சொல்ல வேண்டும். முதல் இரண்டு வருஷமும் இறங்கிய அத்தனை பேரும் மழையோடு எழுந்தார்கள். போன ஐப்பசியில் கொட்டுகிற மழையில் என் மனுஷன் மீசையெல்லாம் மண்ணோடு எழுந்து உட்கார்ந்து, "ஏளா, கருவாட்டுக் குழம்பு வச்சியா?" என்று கேட்டார். நான் சேற்றில் உட்கார்ந்து அழுதேன். முதுகில் இரண்டு அடியும் வைத்தேன்.

இந்த வருஷம் மாசியில், "நான் இறங்குதேன், நீங்க வீட்டைப் பாருங்க" என்று மல்லுக்கு நின்றேன்.

"நீ இறங்குனா உன் வாயி அடங்காது. பக்கத்துக் குழிக்காரன் எப்படித் தூங்குவான்?" என்றார். துவைத்த வேட்டியைக் கட்டிக்கொண்டு ஊசிக்குக் கையை நீட்டும்போது என்னைப் பார்த்துச் சொன்னார்: "கல்லுக்குள்ள தேரைக்கே படியளக்கிறவன் எனக்கு அளக்க மாட்டானா? போ, போயி வேலையைப் பாரு."

அவர் பேசி நான் கேட்டது அதுதான் கடைசி.

ஆடியில் என் மாமியார் செத்துப்போனார்கள். வெயில்தான். காலையில் விறகு பொறுக்கப் போனவரைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். என் கொழுந்தன் அய்யாத்துரை ஊரிலேயே நல்ல உறுமிக்காரன். முன்பெல்லாம் சுற்றுவட்டாரத்துக் கொடைகளுக்கெல்லாம் அவன்தான் போவான். பரணிலிருந்து உறுமியை எடுத்து, தூசியைத் துடைத்து, தோளில் மாட்டினான். நான் வாசலை மறித்தேன்.

"எங்க ஆத்தா சாவுக்கு ஒரு கொட்டு இல்லையா மதினி?"

"உங்க அண்ணன் முழிச்சிருவாக."

"சத்தமில்லாம தூக்கிட்டுப் போக அவ என்ன அநாதையா?"

"அநாதை இல்ல. மூத்த மவன் உசுரோட கெடக்கான். அதனாலதான் சொல்லுதேன், வையி அதை."

வைத்தான். பெண்கள் சேலைத் தலைப்பை வாயில் அடைத்துக்கொண்டு அழுதார்கள். சங்கும் இல்லை, கொட்டும் இல்லை. பாடை போன தெருவில் செருப்புச் சத்தம் மட்டும்தான் கேட்டது. பெற்ற தாய் போனதுகூடத் தெரியாமல் அவர் மண்ணுக்குள் கிடந்தார். எழுந்து வந்ததும் எப்படிச் சொல்வது என்று அன்றிலிருந்து மனசுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டே இருந்தேன்.

துயில்காட்டில் எனக்கு இன்னொரு வேலையும் இருந்தது. வேலி ஓரமாக, ஆட்கள் கிடக்கிற இடத்துக்கு எட்டத்தில், அவ்வப்போது ஒரு தேரையை மெல்லத் தோண்டி எடுத்து டாக்டரம்மாவிடம் கொடுக்க வேண்டும். அவர் எடை பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுப்பார். சித்திரையில் முழங்கை அளவு தோண்டினால் தேரை கிடைத்தது. ஆடியில் இடுப்பளவு தோண்ட வேண்டியிருந்தது. ஆவணிக் கடைசியில் நான் குழிக்குள் நின்றால் வெளியே தலை தெரியவில்லை, தேரையையும் காணோம்.

"டாக்டரம்மா, உம்ம தேரை பாதாள லோகத்துக்கே குடி போயிட்டு. இனி மண்வெட்டியால ஆவாது, எமனுக்குத்தான் ஆளனுப்பணும்" என்று குழிக்குள்ளிருந்து அடங்கின குரலில் சொன்னேன்.

அவர் சிரிக்கவில்லை. குழியின் விளிம்பில் மண்டியிட்டு மண்ணைத் தொட்டுப் பார்த்தார். மழை காணாத கரிசல் எப்படி வெடிக்கும் என்று சொல்லத் தேவையில்லை. கால் போகிற அகலத்துக்கு வெடிப்பு, மேலிருந்து கீழ்வரை.

"ஈரம் எங்க இருக்கோ அங்க வரைக்கும் இறங்கியிருக்கும்" என்றார், தனக்குத்தானே சொல்லிக்கொள்வது மாதிரி. பிறகு கொட்டகைக்குள் போய் யாரோடோ வெகுநேரம் ஃபோனில் பேசினார். "இல்ல சார், இல்ல சார்" என்பது மட்டும் எனக்குக் கேட்டது.

அன்றிலிருந்து தேரை தோண்டச் சொல்லவில்லை. நான் கொண்டுபோகிற கஞ்சியைக் குடிக்கவில்லை. என் முகத்தைப் பார்த்துப் பேசுவதையும் குறைத்துக்கொண்டார். வேலைப்பளு என்று நினைத்தேன்.

கொட்டகைச் சுவரில் ஒரு பலகை உண்டு. இறங்கியவர்களுக்கு ஆளுக்கொரு விளக்கு. பச்சை எரிந்தால் உயிர் இருக்கிறது என்று அர்த்தம். தினமும் காலையில் போனதும் என் மனுஷனுடைய விளக்கைப் பார்த்து, "இன்னும் தூக்கமாக்கும்? வெக்கமா இல்ல?" என்று கேட்டுவிட்டுத்தான் வேலையைத் தொடங்குவேன். புரட்டாசியில் ஒருநாள் நான் அப்படிக் கேட்டபோது டாக்டரம்மா விருட்டென்று எழுந்து வெளியே போனார். தூசி கண்ணில் விழுந்துவிட்டதாகச் சொன்னார்.

ஐப்பசி பிறந்தது. மழை இல்லை. ஐப்பசி முடிந்தது. ஒரு பொட்டு மேகம் இல்லை. கார்த்திகை கடைசி வரைதான் உடம்பில் சேர்த்த தண்ணீர் தாங்கும் என்று முதலிலேயே சொல்லியிருந்தார்கள். மழை வராவிட்டால் எழுப்ப ஒரு யந்திரம் இருந்தது, தரையை அதிரவைக்கிற யந்திரம். ஆனால் எழுந்தவர்களுக்கு ஏற்றத் தண்ணீர் வேண்டுமே.

"கேட்டிருக்கேன்க்கா" என்றார் டாக்டரம்மா. எப்போது கேட்டாலும் அதே பதில்தான். நான் கூடுதல் குடத்தில் பாதியைத் தினமும் அண்டாவில் ஊற்றி மூடி வைக்க ஆரம்பித்தேன். என் ஒரு ஆளுக்காவது ஆகட்டும் என்று.

ஊரில் பேச்சு வேறு மாதிரி கிளம்பியது. மழை ஏன் வரும்? கொட்டுச் சத்தம் கேட்டு வருஷங்களாகிறது. கொடும்பாவி இழுத்தோமா? எங்கள் பக்கத்தில் வானம் பொய்த்தால் வைக்கோலில் ஆள் மாதிரி ஒரு பொம்மை கட்டி, ஊர் செய்த பாவத்தையெல்லாம் அதன் தலையில் வைத்து, தப்புமேளமும் உறுமியுமாகத் தெருத்தெருவாக இழுத்து, செத்த பிணத்துக்கு அழுவது போல மாரடித்து அழுது, எல்லையில் கொண்டுபோய் எரிப்பார்கள். எல்லை எது? இப்போது துயில்காடு இருக்கிற புஞ்சைதான்.

அய்யாத்துரை என் வீட்டு வாசலில் வந்து நின்றான். ஆத்தா செத்த பிறகு அன்றைக்குத்தான் என்னோடு பேசினான்.

"நாளைக்கு இழுக்கப் போறோம் மதினி. மழை வந்தாத்தான் அண்ணன் எந்திரிப்பான். கொட்டுனாத்தான் மழை வரும்."

"கொட்டுனா மழைக்கு முந்தி உங்க அண்ணன் எந்திரிச்சிருவாக. வாயில ஊத்த என்னலே வச்சிருக்க? உன் மூத்திரமா?"

அவன் கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் தேவலை. "சும்மா கெடந்தாலும் இந்த மாசக் கடைசியில சாகத்தான போறான்?" என்றான். "கேட்டுட்டாவது சாகட்டும்."

நான் வாசல் மண்ணை வாரி அவன் மேல் எறிந்தேன். பிறகு துயில்காட்டுக்கு ஓடினேன். "டாக்டரம்மா, நாளைக்குக் கொட்டப் போறாங்க. போலீசைக் கூப்பிடுங்க" என்றேன். அவர் "சரிக்கா" என்றார்.

மறுநாள் விடிந்து வெயில் ஏறிக்கொண்டிருந்தது. போலீஸ் வரவில்லை. அண்டாவிலிருந்த தண்ணீரைக் குடத்தில் நிரப்பி இடுப்பில் வைத்துக்கொண்டு துயில்காட்டு வாசலுக்கு வந்தேன். தடுக்க முடிந்தால் தடுப்பது, முடியாவிட்டால் அவர் எழுந்ததும் முதல் வாய் நான் ஊற்றுவது. என் யோசனை அவ்வளவுதான். அதற்குள் ஊர்த்தெருவில் கொட்டு கிளம்பிவிட்டது. அந்தச் சத்தம் காதில் விழுந்ததும் உடம்பு சிலிர்த்தது, பொய் சொல்ல மாட்டேன். எத்தனை நாளாயிற்று! அடுத்த நொடி குடத்தை இறுகப் பிடித்துக்கொண்டேன்.

கொடும்பாவியை இழுத்துக்கொண்டு வந்தார்கள். பின்னால் பெண்கள். அழ வந்தவர்கள், வழக்கம்போல அழுகையும் சிரிப்புமாக. நான் குடத்தை ஓரமாக வைத்துவிட்டு வாசலுக்குக் குறுக்கே படுத்தேன்.

"என்னை மிதிச்சுட்டுப் போங்கடா!"

அய்யாத்துரை நின்றான். உறுமி நின்றது. அப்போது என் தலைமாட்டில் பூட்டு திறக்கிற சத்தம் கேட்டது. டாக்டரம்மா சாவியோடு நின்றார்.

"வழி விடுங்கக்கா. கொட்டட்டும்."

"பைத்தியமா உமக்கு? எந்திரிச்சா தண்ணி எங்க?"

அவர் கதவை அகலத் திறந்துவிட்டு ஒதுங்கி நின்றார். கூட்டம் என்னைச் சுற்றிக்கொண்டு உள்ளே போனது. நான் குடத்தைத் தூக்கிக்கொண்டு என் மனுஷன் கிடக்கிற இடத்துக்கு ஓடினேன். அவர் பெயர் எழுதின கல்லைப் பிடித்துக்கொண்டு மண்ணில் கையை வைத்தேன். உறுமியும் தப்பும் ஒன்றாகக் கிளம்பின. தரை உள்ளங்கையில் அதிர்ந்தது.

கல்லுக்குப் பக்கத்து வெடிப்பில் மண் அசைந்தது.

"ஏங்க! இந்தா இருக்கேன், மெதுவா, மெதுவா!" என்று கத்தினேன். குடத்தைச் சாய்த்துக் கையில் தண்ணீர் ஏந்தினேன். மண் பிளந்து ஒரு தேரை வெளியே வந்தது.

உரித்த தோல் முதுகில் கந்தலாகத் தொங்க, கண்ணைச் சிமிட்டிக்கொண்டு உட்கார்ந்தது. அதன் பின்னால் இன்னொன்று. திரும்பிப் பார்த்தேன். காடு முழுக்க, வெடிப்புக்கு வெடிப்பு, தேரை ஏறிக்கொண்டிருந்தது. எங்கெங்கோ ஆழத்தில் கிடந்ததெல்லாம் மழை என்று நம்பி வந்துவிட்டன. "எந்திரிக்காக! எந்திரிக்காக!" என்று யாரோ அலறினார்கள், கொட்டு இன்னும் வேகம் பிடித்தது. பிறகு எல்லோர் கண்ணுக்கும் தெரிந்தது. தேரைகள் வந்தன, ஆள் ஒருவரும் வரவில்லை. ஒரு மண்கட்டிகூடப் புரளவில்லை.

அய்யாத்துரை உறுமியைக் கழற்றி அண்ணன் கிடந்த இடத்தில் தரையோடு வைத்து அடித்தான். "அண்ணே! ஏ அண்ணே!" அடித்து அடித்துக் கை ஓய்ந்தது. மற்ற கொட்டும் ஒவ்வொன்றாக நின்றது.

டாக்டரம்மா என் பின்னால் வந்து நின்றிருந்தார்.

"எப்போ?" என்றேன்.

"ஆவணியிலேயே ஒவ்வொரு விளக்கா அணைய ஆரம்பிச்சுதுக்கா. புரட்டாசிக்குள்ள எல்லாமே."

"பச்சை எரிஞ்சுதே?"

"மறுபடி எரிய வைக்கச் சொன்னாங்க. மத்த ஊர்க் காடுகள்லயும் இதே கதைதான். வெளிய தெரிஞ்சா கலவரம் வரும், மழை வந்ததும் சொல்லிக்கலாம்னாங்க. கொட்டு மட்டும் கேக்கக் கூடாது, கேட்டா தெரிஞ்சிரும்னாங்க." அவர் தேரைகளைக் காட்டினார். "தேரை, ஈரம் குறையக் குறைய இன்னும் கீழ போயிக்கிட்டே இருக்கும்க்கா. அது எனக்குத் தெரியும். மனுஷன் நாம வச்ச இடத்துலயே கெடப்பான். அது எனக்குத் தோணவே இல்ல."

"வாயி இருந்துச்சே உமக்கு. அதால சொல்லாம கொட்டுச் சத்தத்தை விட்டுச் சொல்ல வச்சீரே" என்று கையை ஓங்கினேன். அவர் நகரவில்லை, முகத்தைக்கூடத் திருப்பவில்லை. அடி வாங்கவே நின்ற முகம் அது. என் கை தானாக இறங்கிவிட்டது.

அடித்து என்ன ஆகப்போகிறது? ஆவணியிலிருந்தோ புரட்டாசியிலிருந்தோ, செத்த மனுஷனுக்கு வந்த தண்ணீரை நான் வாங்கியிருக்கிறேன். அதில் சோறு பொங்கியிருக்கிறேன். மிச்சம் பிடித்து அவருக்கென்று மூடியும் வைத்திருக்கிறேன். என் ராசா, ஒரு வாய் தண்ணீர் கேட்க வழியில்லாமல் போய்ச் சேர்ந்தாயே. நான் தினமும் வந்து உன் விளக்கோடு பேசிக்கொண்டு இருந்தேனே.

வெயில் உச்சிக்கு வந்துகொண்டிருந்தது. ஏமாந்து வந்த தேரைகள் ஆங்காங்கே அப்படியே உட்கார்ந்திருந்தன. தோல் காய்ந்து வெளிறத் தொடங்கியிருந்தது. நான் குடத்தைத் தூக்கி, பெயர் எழுதின கல்லின் மேல் முழுசாகக் கவிழ்த்தேன். தண்ணீர் வெடிப்பில் இறங்கி மண் கறுத்தது. சுற்றியிருந்த தேரைகள் மெல்ல நகர்ந்து வந்தன. ஈரத்தில் அடிவயிற்றை வைத்து அசையாமல் குடித்தன. குடித்து முடித்துப் பின்னங்காலால் தோண்ட ஆரம்பித்தன. முகத்தை வானத்துக்குக் காட்டிக்கொண்டே, பின்பக்கமாக, ஒவ்வொன்றாக இறங்கின. அவரைத் தாண்டி, இன்னும் கீழே.

ஊர் முழுக்கச் சுற்றி நின்றது. ஒரு சத்தம் இல்லை. வைக்கோல் பொம்மைக்கு அழ வந்த பெண்கள் அத்தனை பேரும் சேலைத் தலைப்பை வாயில் அடைத்துக்கொண்டு நின்றார்கள். பழகிவிட்டது.

"வாயில இருக்கிற துணியை எடுங்கடி" என்றேன்.

அய்யாத்துரை மண்டியிட்டு உட்கார்ந்திருந்தான். உறுமி அவன் மடியில் கிடந்தது. அதை எடுத்து அவன் தோளில் நானே மாட்டினேன்.

"கொட்டுய்யா. ஆத்தாளுக்கும் சேத்துக் கொட்டு. எம்புட்டுப் பலமா வேணும்னாலும் கொட்டு. இனி யாரும் முழிச்சிர மாட்டாக."

அவன் கொட்டினான்.